ஆண்டாயி பெயரில் போன கண்ணாடிச் சில்லு

ஓவேலிப் பக்கத்து அந்தத் தேயிலை எஸ்டேட்டில் ஆண்டாயிக்குப் பயப்படாத உயிர் என்று பார்த்தால் யானை ஒன்றுதான். ஆபீஸ் கணக்கில் அவள் சூப்பர்வைசர். லயத்தில், அந்தத் தொழிலாளர் வரிசை வீடுகளில், எல்லாருக்கும் கங்காணியம்மா. சின்னப் பிள்ளையாக இலங்கையிலிருந்து கப்பலில் வந்து இறங்கியவள், பாவாடை வயதிலேயே கொழுந்தெடுக்கப் போனவள், ஐம்பது தாண்டியபின் கூடையை இறக்கிவிட்டுக் கையில் குச்சி பிடித்தவள். நிறுவைக்கு நிற்கும் பெண்களின் பைக்குள் கையை விட்டுத் துழாவுவாள். முற்றல் இலை ஒன்று அகப்பட்டால் போதும், அதைத் தூக்கிப் பிடித்து மலை முழுக்கக் கேட்கும்படி, "இது யாரு வூட்டு ஆட்டுக்குப் பறிச்சேடி?" என்பாள். பறித்தவள் முகம் சுண்டிப்போகும். மற்றவர்கள் சிரிப்பார்கள். அந்தச் சிரிப்பில் ஆண்டாயிக்கு ஒரு ருசி இருந்தது, அதை மறைப்பானேன்.

காலையில் ஆட்களைப் பேர் கூப்பிட்டு மலைக்குப் பிரித்து அனுப்பும் இடத்துக்குப் பெரட்டுக்களம் என்று பெயர். அங்கே ஒரு வழக்கம் உண்டு. பிள்ளைக்குக் காய்ச்சல், அடுப்பு பிடிக்கவில்லை என்று யாராவது வரப் பிந்தினால், பக்கத்துக் காம்பராக்காரி, அதாவது லயத்தில் அடுத்த அறையில் இருப்பவள், அவள் பேருக்கும் சேர்த்துக் குரல் கொடுத்துவிடுவாள். பிந்தியவள் பின்னால் ஓடி வந்து சேர்ந்துகொள்வாள். ஆண்டாயி அந்த நேரத்தில் வேறு பக்கம் பார்த்துக்கொண்டு நிற்பாள். அவளிடம் இருந்த சில நல்ல குணங்களில் அது ஒன்று. பேர் கொடுப்பதை யாரும் பொய் என்று நினைத்ததில்லை.

போன புரட்டாசியில் மழை கொஞ்சம் ஓய்ந்த சமயம், எஸ்டேட் டிஸ்பென்சரியில் பெண்களுக்கு ஒரு முகாம் போட்டார்கள். டிஸ்பென்சரியின் மலையாளத்து நர்ஸ் ரோஸ்மேரி அலைந்து திரிந்து வாங்கி வந்த முகாம் அது. கர்ப்பப்பை வாயிலிருந்து சின்னத் தூரிகையால் கொஞ்சம் வழித்தெடுத்து, கண்ணாடிச் சில்லில் தடவி, கூடலூர் ஆஸ்பத்திரி லேபுக்கு அனுப்புவார்கள். அங்கே டாக்டர் மைக்ராஸ்கோப்பில் வைத்து, செல்களின் உருவம் ஒழுங்காக இருக்கிறதா, கோணியிருக்கிறதா என்று பார்த்துச் சொல்வார். புற்றுநோய் வருவதற்குப் பல வருஷம் முன்பே செல் தன் முகத்தை மாற்றிக்கொள்ளத் தொடங்கிவிடுமாம். அப்போதே பிடித்துவிட்டால் ஆளுக்கு ஆபத்தில்லை. பரிசோதனை, ஆபீஸ் பதிவேட்டில் நிரந்தரப் பெயர் உள்ள பெண்களுக்கு மட்டும்.

பெண்கள் நெளிந்தார்கள். ஆண்டாயி குச்சியோடு வந்து நின்றாள்.

"என்னாடி வெக்கம்? புள்ள பெக்கறப்ப எங்கடி போச்சு இந்த வெக்கம்? ஒருத்தியும் மலைக்குப் போவக்கூடாது. எல்லாம் உள்ள போயி படுங்க."

ஆட்டை ஓட்டுகிற மாதிரி ஓட்டி உள்ளே அனுப்பினாள். போய் வந்தவர்களைக் கேலி செய்தாள். வாசலில் வேடிக்கை களைகட்டியிருந்தபோது, கூடலூரிலிருந்து வந்த நர்ஸ் உள்ளேயிருந்து கூப்பிட்டாள்: "ஆண்டாயி!"

ஆண்டாயி வாசற்படியை விட்டு நகரவில்லை.

அவள் இரண்டு பிள்ளைகளையும் பெற்றது லயத்துக் காம்பராவில், சிம்னி விளக்கின் மங்கலில். கட்டிய புருஷன்கூட அவளை வெளிச்சத்தில் பார்த்ததில்லை, அவனும் போய்ச் சேர்ந்து வெகுகாலம். இப்போது மகள் வயதுக்காரி முன்னால் மேஜையில் காலை விரித்துப் படுப்பதை நினைத்தவுடன் உடம்பெல்லாம் கூசியது. மாட்டேன் என்று சொல்லவும் முடியாது. காலையிலிருந்து அவள் வாயில் விழுந்து எழுந்தவர்கள் அத்தனை பேரும் அங்கேதான் நின்றார்கள்.

வெற்றிலை துப்பப் போகிறவள்போலக் கொல்லைப் பக்கம் நழுவினாள். அங்கே செல்வி முகாம்காரர்களுக்குத் தேநீர் போட்டுக்கொண்டிருந்தாள். ஆண்டாயியின் பக்கத்துக் காம்பராக்காரி, முப்பது வயதுக்காரி, தற்காலிக ஆள். நாளைக்கு வேலை உண்டா இல்லையா என்பது கங்காணியின் வாயில் இருக்கிறது. அதனால் மட்டுமல்ல, மனசாரவும் பெரியம்மா என்றுதான் கூப்பிடுவாள்.

"செல்வி, எம் பேருக்கு நீ போயி படுத்துட்டு வா."

"ஐயோ பெரியம்மா, இது உடம்பு சமாச்சாரமில்ல?"

"எல்லாம் ஒரே பொம்பள உடம்புதான். பெரட்டுல பேர் குடுக்கிறதில்லையா? போடி."

செல்வி முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு பின்வாசல் வழியாகப் போனாள். ரோஸ்மேரி அப்போது அடுத்த டிவிஷன் பெண்களை ஜீப்பில் கூட்டிவரப் போயிருந்தாள். உள்ளே இருந்த நர்சுக்கு எந்த முகமும் தெரியாது. வயது விவரமெல்லாம் ஆபீஸ் கொடுத்த காகிதத்தில் இருந்தது; கூட்ட அவசரத்தில் அதை முகத்தோடு ஒத்துப் பார்க்கவில்லை. சாயங்காலம் ரோஸ்மேரி வந்து, வரிசை எண் பார்த்துச் சில்லுகளில் பெயர் ஒட்டி, பெட்டியில் அடுக்கி அனுப்பிவைத்தாள்.

தீபாவளி நெருங்கிய நாளில் அவள் ஆண்டாயியைத் தனியாகக் கூப்பிட்டாள். கதவைச் சாத்தினாள்.

"சேச்சி, பேடிக்க வேண்டா, பயப்படாதீங்க. உங்க சில்லுல சில செல் சரியில்லையாம். நடுவுல இருக்கிற கரு பெருசாகி, கறுத்து, ஓரமெல்லாம் கோணியிருக்குன்னு டாக்டர் எழுதியிருக்கார். கேன்சர்னு இல்ல. சும்மா விட்டா ஆகலாம். கூடலூர் போயி ஒரு துண்டு சதை எடுத்துப் பார்க்கணும்."

ஆண்டாயியின் மனதில் முதலில் எழுந்தது என்ன தெரியுமா? அப்பாடா, என்னுடையது இல்லை. அந்த ஆறுதல் உடம்பு முழுக்கப் பரவிய பிறகுதான் செல்வி நினைவுக்கு வந்தாள். பின்னாளில் எதை மன்னித்தாலும் அந்த ஒரு நொடியை மட்டும் ஆண்டாயியால் தனக்கு மன்னிக்க முடியவில்லை.

"யார்கிட்டயும் சொல்லாதீங்க சிஸ்டர்," என்றாள். ரோஸ்மேரி அதைப் பயம் என்று எடுத்துக்கொண்டாள்.

சொல்லிவிடலாம் என்று தினமும் காலையில் தீர்மானம் செய்வாள். சொன்னால் ஏன் செல்வியை அனுப்பினாய் என்று கேட்பார்கள். ஊரையே படுக்க வைத்த கங்காணி தான் படுக்கப் பயந்து கொல்லைக்கு ஓடினாள் என்று லயம் லயமாகச் சிரிப்பார்கள். பெரட்டுக்களத்துக்கு வந்து செல்வியின் முகத்தைப் பார்த்ததும் தீர்மானம் கரைந்துவிடும். நாளைக்கு, திருவிழா முடியட்டும், மழை விடட்டும். கொப்புள நோய் பிடித்த கொழுந்தைக் கண்டால் அந்த நிமிஷமே ஆபீசுக்குச் சொல்லி அனுப்புகிறவள் அவள். செடிக்கு இருந்த அவசரம் செல்விக்கு இல்லாமல் போயிற்று.

ஒருநாள் கொழுந்துப் பையை இறக்கிவைத்துவிட்டு இடுப்பைப் பிடித்துக்கொண்டு செல்வி அவளிடமே கேட்டாள்: "பெரியம்மா, கொஞ்ச நாளா மாசத்துக்கு நடுவுலயும் தீட்டு படுது. ஏன்னு தெரியல."

ஆண்டாயி வாயைத் திறந்தாள். "சூடா இருக்கும். வெந்தயம் ஊறவெச்சுக் குடி," என்றாள்.

செல்வியும் குடித்தாள். மறுநாள் கொஞ்சம் பரவாயில்லை என்று வேறு சொன்னாள். அன்றிரவு ஆண்டாயி சோற்றைத் தொடவில்லை. தட்டோடு எடுத்து நாய்க்கு வைத்தாள்.

கிறிஸ்துமஸ் கழிந்ததும் ரோஸ்மேரி விடவில்லை. கையைப் பிடித்து இழுக்காத குறையாகக் கூடலூர் பஸ்ஸில் ஏற்றிவிட்டாள், தானும் ஏறினாள். பஸ்ஸில் உட்கார்ந்து ஆண்டாயி ஒரு கணக்குப் போட்டாள். இந்தத் தடவை தானே படுத்துவிடுவது. தன்னுடையது சுத்தமாகத்தான் இருக்கும். முதல் சோதனை தப்பு என்று எழுதிவிடுவார்கள், விஷயம் முடிந்தது. செல்வி? அவளுக்கும் ஒன்றுமில்லாமல் இருக்கலாம் அல்லவா. மனிதர்கள் தங்களை ஏமாற்றிக்கொள்ள எவ்வளவு சாமர்த்தியம் காட்டுகிறார்கள்!

சதை எடுக்குமுன் மறுபடியும் ஒரு சில்லு எடுத்துப் பார்த்துவிடலாம் என்றார்கள். எதற்குப் பயந்து இவ்வளவும் செய்தாளோ, அது தொண்டைக்குள் விளக்கடித்துப் பார்ப்பதுபோலச் சட்டென்று முடிந்துவிட்டது. புடவையைச் சரிசெய்துகொண்டு மேஜையிலிருந்து இறங்கியவளுக்கு அழுகை வந்தது. இவ்வளவுதானா? இதற்காகவா?

அடுத்த வாரம் லேப் டாக்டர் கீர்த்தனா இரண்டு பேரையும் வரச் சொன்னார். கோயம்புத்தூர்ப் பக்கத்துக்காரர், மெதுவாகப் பேசுகிறவர். கம்ப்யூட்டர் திரையில் இரண்டு படங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்திருந்தார்.

"ஏனுங்கம்மா, உங்களுக்கு மாசமாசம் வர்றது நின்னு எத்தனை வருசமாச்சுங்க?"

"அது ஆச்சுங்க பத்து வருசம்."

"அப்பிடி நின்னுபோனவங்க செல்லு சின்னதா, உருண்டையா, வறண்டு இருக்குமுங்க. போன வாரம் எடுத்தது அப்பிடித்தான் இருக்குது. பயமில்லீங்க. முகாம்ல எடுத்ததைப் பாருங்க. அகலமா, தட்டையா, இதழ் இதழா இருக்குது. இது வயசுப் பொண்ணோட செல்லுங்க. கரு கெட்டுப்போனதும் அதுலதான். ரெண்டும் ஒரே ஆளோடது இல்லீங்க." அவர் திரையிலிருந்து திரும்பினார். "இந்தப் பொண்ணு எங்கயோ ஒண்ணும் தெரியாம நடமாடிட்டு இருக்குது. யாருங்க அது?"

ஆண்டாயியின் நாக்கு நுனியில் பேர் நின்றது. அவள் சொன்னது வேறு.

"சிஸ்டர் பேர் மாத்தி ஒட்டியிருப்பாங்க."

ரோஸ்மேரி எழுந்துவிட்டாள். "நான் ஒவ்வொண்ணும் பார்த்துத்தான் ஒட்டினேன் டாக்டர்," என்றவள், பாதியிலேயே தன்னைத்தானே நம்பாமல் நிறுத்தினாள். திரும்பும் வழியெல்லாம் ஜன்னல் கம்பியில் தலையைச் சாய்த்துக்கொண்டு, "கர்த்தாவே, அது யாருடையதோ," என்று முணுமுணுத்தபடி வந்தாள். பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஆண்டாயிக்குப் பஸ்ஸிலிருந்து குதித்துவிடலாம் போலிருந்தது. குதிக்கவும் இல்லை, வாய் திறக்கவும் இல்லை.

மறுநாள் பெரட்டுக்களத்தில் பனி இன்னும் கலையவில்லை. ரோஸ்மேரி வெள்ளைச் சீருடையோடு வந்து எல்லார் முன்னாலும் நின்றாள். கையைக் கூப்பினாள்.

"எங்கிட்ட ஒரு தப்பு நடந்துபோச்சு. முகாம்ல எடுத்த சில்லுல பேர் மாறிப்போச்சு. உங்கள்ல ஒருத்தருக்குச் சிகிச்சை வேணும், யாருக்குன்னு தெரியல. மன்னிச்சுக்குங்க. பேர் உள்ளவங்க எல்லாரும் திரும்ப ஒரு தடவை வரணும்."

கூட்டம் கொதித்தது. "எங்க உசுரு உனக்கு வெளையாட்டா?" என்று ஒருத்தி கத்தினாள். இன்னொருத்தி மண்ணை வாரித் தூற்றினாள். ரோஸ்மேரி கூப்பிய கையை இறக்காமல் நின்றாள். பேர் உள்ளவர்கள் எல்லாரையும் நூறு தடவை படுக்கவைத்தாலும் அந்தச் செல் அகப்படப் போவதில்லை என்பது அங்கே ஆண்டாயி ஒருத்திக்குத்தான் தெரியும். செல்விக்குத்தான் எந்தக் காகிதத்திலும் பேர் இல்லையே. பேர் இல்லாதவர்கள் நிற்கும் ஓரத்தில் தார்ப்பாய்த் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு நின்றாள் அவள். எல்லாரும் ரோஸ்மேரியைத் திட்டிக்கொண்டிருக்க, அவள் ஆண்டாயியைப் பார்த்தாள். பிறகு தன் அடிவயிற்றில் கை வைத்தாள்.

"சிஸ்டர்மேல தப்பில்ல," என்றாள் ஆண்டாயி. மலை முழுக்கக் கேட்கும் குரல் அன்று பக்கத்து ஆளுக்கே கேட்கவில்லை. மறுபடி சொன்னாள். "சிஸ்டர் தப்பா ஒட்டல. எனக்குப் படுக்க வெக்கமாப் போச்சு. எம் பேருக்குச் செல்விய அனுப்பிட்டேன். அது செல்வியோடது."

ஒருவரும் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் தேவலை என்று இருந்தது. ரோஸ்மேரி ஆண்டாயி பக்கம் திரும்பவே இல்லை. நேராகப் போய்ச் செல்வியின் தோளை அணைத்து ஜீப்புக்கு அழைத்துக்கொண்டு போனாள்.

கூடலூரில் ஒரு துளி சதை எடுத்துப் பார்த்தார்கள். கோளாறு மேல்தோலோடு நின்றிருந்தது, உள்ளே இறங்கவில்லை. கெட்ட இடத்தை மட்டும் சுரண்டி எடுத்துவிட்டார்கள். வருஷா வருஷம் வந்து காட்டினால் போதும் என்று டாக்டர் சொல்லிவிட்டாராம். யாரோ சொல்லக் கேட்ட ஆண்டாயி, மலை நடுவில் குச்சியைப் போட்டுவிட்டு உட்கார்ந்து அழுதாள். பிறகு முகத்தைக் கழுவிக்கொண்டு செல்வியின் காம்பராவுக்குப் போனாள். இனி எல்லாம் சரியாகிவிடும் என்ற நினைப்பும் அவளுக்கு உள்ளூர இருந்தது.

செல்வி சுவரில் சாய்ந்து உட்கார்ந்து அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். கோபமாகப் பேசவில்லை. உட்காரச் சொல்லவும் இல்லை.

"பெரட்டுல எல்லாத்தையும் சொன்னீங்க. ஒண்ணு மட்டும் சொல்லல," என்றாள். "எனக்கு இப்பிடின்னு உங்களுக்கு எப்ப தெரியும்? டாக்டரம்மா படத்தைக் காட்டினப்பவா?"

ஆமாம் என்றால் போதும். செல்வியே வழியைத் திறந்துவிட்டிருந்தாள், அதற்குள் நுழைந்து தப்பித்துவிடலாம். ஆண்டாயி கதவு நிலையைப் பிடித்துக்கொண்டாள்.

"தீவாளிக்கு முன்னயே தெரியும்."

செல்வியின் விரல்கள் அரிசிக்குள் நின்றன.

"தீவாளிக்கு எனக்குச் சீல எடுத்துக் குடுத்தீங்களே பெரியம்மா, அப்பவே தெரியுமா?"

"தெரியும்."

"அதக் கட்டிக்கிட்டு வந்து உங்க கால்ல விழுந்தேன்," என்றாள் செல்வி. "நூறு வயசு நல்லா இருன்னு சொன்னீங்க."