வாள் வைத்த திண்டு

அந்தப் பழைய திண்டை முதன்முதலில் மடியில் வைத்தபோது அதன் கனம்தான் எனக்கு ஆச்சரியமாக இருந்தது. ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு பழைய ஜமீன் வீட்டில், விஜயதசமியன்று வம்சத்து வாளை வைத்துப் பூசை செய்யும் வெல்வெட் திண்டு அது. சரிகையெல்லாம் இற்றுத் தொங்கியது. அதேபோலப் புதிதாக ஒன்று வேண்டுமென்று, ராஜபாளையத்தில் நான் வேலை பார்த்த தையல் கடைக்குக் கொடுத்தனுப்பியிருந்தார்கள். யாரும் இல்லாத நேரத்தில் ஓரத்தைப் பிரித்துப் பார்த்தேன். மேலே இலவம் பஞ்சு. நடுவில் இறுக்கிக் கட்டிய தேங்காய் நார். வாளின் பாரத்துக்குத் திண்டு அமுங்காமலிருக்க அந்த நார்தான் காரணம் என்று புரிந்தது. திரும்பத் தைத்து மூடிவிட்டேன்.

பதினாறு வருடம் அந்தக் கடையில் இருந்தவள் நான். வேலை எனக்குத்தான் வரும் என்றிருந்தேன். கடைக்கு வந்த ஜமீன் வீட்டு அம்மாவோ, என் தம்பி மனைவி ஒரு துண்டுத் துணியில் போட்டிருந்த சரிகைக் கிளியைக் கையிலெடுத்து, "இந்தக் கைதான் போடணும்" என்று சொல்லிவிட்டார். அவளைக் கடையில் சேர்த்துவிட்டதே நான்தான். வந்து இரண்டு வருடம்கூட ஆகவில்லை. நாலு மூலைக்கும் நாலு கிளி போட்டு முடித்துவிட்டு, "உள்ள வெறும் பஞ்சு போதுமா மதினி?" என்று அவள் கேட்டாள். "போதும்ட்டி" என்றேன்.

பூசைக்கு எங்கள் இருவரையும் கூப்பிட்டிருந்தார்கள். கூடம் நிறையச் சொந்தக்காரர்கள். வாளை வைத்துக் கற்பூரம் காட்டும்போது திண்டு நடுவில் மெல்லக் குழிந்தது. வாள் சரிந்து தரையில் விழுந்தது. "யாரு தச்சது?" என்றார் அந்த அம்மா. தம்பி மனைவி முன்னால் போய், "நாந்தாம்மா. தப்பு எம்மேலதான்" என்றாள். அந்த நேரம் நான் வாயைத் திறந்திருக்கலாம். திறக்கவில்லை.

திண்டு கடைக்குத் திரும்பி வந்தது. பிரித்து நார் வைத்துத் தைத்தது நான்தான். மறுவருடம் வாள் அசையவில்லை. ஆனால் வந்தவர்கள் எல்லாம் குனிந்து பார்த்தது கிளிகளைத்தான். உள்ளே இருப்பதை யார் கேட்கப்போகிறார்கள்? இன்று அவளுக்கு ஸ்ரீவில்லிபுத்தூரில் சொந்தக் கடை. நான் இன்னும் பழைய கடையிலேயே இருக்கிறேன்.

போன மாதம் அவள் கடைக்குப் போய் எல்லாவற்றையும் சொன்னேன். அவள் ஊசியை நிறுத்தவில்லை.

"தெரியும் மதினி. வாள் விழுந்தப்ப அம்புட்டுப் பேரும் வாளப் பாத்தாவ. நீங்க மட்டும் எம் மூஞ்சியப் பாத்திய."

"பொறவு ஏன்ட்டி யார்ட்டயும் சொல்லல?"

"சொன்னா உங்க தம்பி உங்ககிட்டப் பேச மாட்டாவ. செத்த நேரம் இருங்க, காப்பி வாங்கியாரச் சொல்லுதேன்."

பஸ்ஸில் திரும்பும்போது மனசு லேசாகவில்லை. இத்தனை காலம் அவள் கையைப் பார்த்துப் பொறாமைப்பட்டவள், அன்று அவள் மனசையும் பார்த்துப் பொறாமைப்பட்டுக்கொண்டு வீடு வந்து சேர்ந்தேன்.