முதல் உருப்படி: மண் அகற்றல்

வீட்டைத் திரும்பக் கட்ட எவ்வளவு ஆகும் என்று என் தங்கை கேட்டபோது நான் பத்திரிகையில் மரண அறிவித்தல்களை வாசித்துக்கொண்டிருந்தேன். ஓய்வு பெற்றவர்கள் அந்தப் பக்கத்தைத்தான் முதலில் திருப்புவார்கள். அவள் தேநீரை மேசையில் வைத்துவிட்டு எதிரே உட்கார்ந்தாள்.

"எஸ்டிமேட் ஒன்னு போடணும் அண்ணே."

"எதுக்கு?"

"வீட்டுக்கு."

அந்த வீடு இரத்தோட்டைக்கு மேலே, மிளகுக் கொடியும் கராம்பு மரமும் நின்ற ஒரு சரிவில் இருந்தது. கார்த்திகை மழையில் மலை இறங்கியபோது வீடு அதற்கடியில் போய்விட்டது. அவளுடைய கணவர் உள்ளே இருந்தார். அவர் கிடைக்கவில்லை. இவள் கிளினிக்குக்காக மாத்தளைக்கு வந்தவள், பாதையில் வெள்ளம் என்று அலுவிகாரையில் எங்கள் வீட்டில் தங்கிவிட்டாள். அதனால் மிஞ்சினாள். அன்று மத்தியானம் மச்சான் தொலைபேசியில் கடைசியாகப் பேசியதை நாங்கள் எல்லோரும் கேட்டோம். காது மந்தமானவள் என்பதால் அவள் எப்போதும் தொலைபேசியை ஸ்பீக்கரில் போட்டுத்தான் பேசுவாள்.

"நீ அங்கேயே இரு. பறிச்ச மிளகு நனைஞ்சிரும், நான் வர ஏலாது. தகரத்துல மழை கொட்டுற சத்தத்துல நீ பேசுறது ஒன்னுமே கேக்கல. கல்யாணம் முடிச்சதுல இருந்து இன்னைக்குத்தான் நிம்மதியா இருக்கேன்."

"இருங்க, இருங்க. வந்து வச்சிக்கிறேன்," என்றாள் இவள்.

நான் பிரதேச சபையில் தொழினுட்ப உத்தியோகத்தராக இருந்து ஓய்வு பெற்றவன். மதகு, வடிகால், வாசிகசாலை, சந்தைக் கொட்டகை, பொது மலசலகூடம் என்று நான் மதிப்பீடு போடாத பொருள் இந்தப் பகுதியில் குறைவு. அவற்றில் பாதி கட்டப்படவே இல்லை. கட்டப்பட்டவற்றில் பாதி நான் மதிப்பிட்டபடி கட்டப்படவில்லை. ஆனால் கோப்புகளில் ஒரு குறையும் கிடையாது. கணக்காய்வாளர்கள் என்னைப் பாராட்டியிருக்கிறார்கள்.

மண்ணுக்கடியில் போனவர்களை இராணுவத்தினரும் ஊர்க்காரர்களும் சேர்ந்து சில நாட்கள் தேடினார்கள். பக்கத்து வீட்டில் இருந்தவர்கள் கிடைத்தார்கள். பிறகு சரிவின் உச்சியில் இன்னொரு வெடிப்பு தெரிந்தது. எல்லோரையும் இறங்கச் சொன்னார்கள். மறுநாள் தேடுதல் முடிந்துவிட்டது என்று அறிவித்தார்கள். தேடுதல் தானாக முடிவதில்லை. யாரோ ஒருவர் கையெழுத்திட்டு முடிக்கிறார். அந்தக் கையெழுத்தில் தவறு இல்லை என்பது எனக்குத் தெரியும். வெட்டுகிறவர்களையும் சேர்த்துப் புதைக்க எந்த அதிகாரியும் உத்தரவு போட முடியாது. இதை நான் தங்கைக்கு விளக்கினேன். அவள் தலையாட்டினாள். விளக்கம் சரியாக இருந்தால் மனிதர்கள் ஆறுதல் அடைவார்கள் என்று நான் உத்தியோக காலம் முழுவதும் நம்பி வந்தேன்.

பங்குத் தந்தை வீட்டுக்கு வந்து, ஆத்தும இளைப்பாற்றிக்காகப் பூசை வைக்கலாமா என்று மெதுவாகக் கேட்டார்.

"ஆள் வரட்டும் ஃபாதர்," என்றாள் அவள்.

அப்படிப்பட்டவள்தான் இப்போது எஸ்டிமேட் கேட்டாள். அந்த இடத்தில் கட்ட அனுமதி கிடைக்காது என்பது எனக்கு அந்த நிமிடமே தெரியும். மண்சரிவு ஆய்வாளர்கள் சிவப்பு அடித்த இடத்தில் கோழிக்கூடு கட்டுவதற்கும் யாரும் கையெழுத்திட மாட்டார்கள். ஆனால் மலை விழுந்த நாளிலிருந்து அவள் வாய் திறந்து கேட்ட முதல் பொருள் அது. சாப்பாடுகூடக் கேட்டதில்லை, என் மனைவி தட்டை முன்னால் வைத்தால் பார்த்துக்கொண்டிருப்பாள். நான் பத்திரிகையை மடித்து வைத்துவிட்டு, "அளவச் சொல்லு," என்றேன்.

மதிப்பீட்டுக்கு ஓர் ஒழுங்கு உண்டு. முதலில் இடத்தைத் துப்புரவு செய்து மண்ணையும் இடிபாடுகளையும் அகற்றல், பிறகு அத்திவாரம், கருங்கல் கட்டு, சுவர், கூரை, கதவு யன்னல், பூச்சு, கடைசியில் எதிர்பாராத செலவுகளுக்கு ஒரு வீதம். எதிர்பாராததை வீதக் கணக்கில் எழுதி வைக்கும் கூட்டம் உலகத்திலேயே நாங்கள் மட்டும்தான்.

மச்சானுக்கு இந்தக் கலை பிடிக்காது. தம்புள்ளைக்கு மரக்கறி ஏற்றும் லொறி ஓட்டியவர். கையில் கொஞ்சம் வந்தால் ஒரு சுவர், இன்னும் கொஞ்சம் வந்தால் ஒரு யன்னல் என்று அந்த வீட்டை எழுப்பினார். நான் ஒருமுறை மதிப்பீடு போட்டுத் தருவதாகச் சொன்னதற்கு, "வேணாம் மச்சான். எஸ்டிமேட் போட்டுப் பாத்தா மனுசனுக்கு வீடு கட்ட மனசு வராது. கல்யாணத்துக்கும் அப்பிடித்தான்," என்றார். தங்கை அடுப்படியிலிருந்து அகப்பையோடு வந்தாள்.

அவள் அளவுகளை அடியில் சொல்லவில்லை. வரவேற்பறை, ரெண்டு பாய் விரிச்சு நடுவுல ஆள் நடக்கலாம். அடுப்படி, கதவத் தொறந்தா அலுமாரி தொறக்க ஏலாது. இப்படியே சொன்னாள். நான் அடிக்கு மாற்றி எழுதினேன். பின்கதவுக்கு வந்தபோது சிரித்தாள்.

"நிலைய இந்தத் தடவ கொஞ்சம் ஒசத்திப் போடுங்க. எத்தன வருசமா சொல்றேன், குனிஞ்சு வாங்க, குனிஞ்சு வாங்கன்னு. கேக்குறாரா? நெத்தியில இடிச்சிக்கிட்டு என்னையத்தான் ஏசுறாரு."

என் மனைவி என்னைப் பார்த்தாள். நான் நிலையின் உயரத்தைக் கூட்டி எழுதினேன். அன்று மத்தியானம் தங்கை இரண்டாவது முறை சோறு போட்டுக்கொண்டாள்.

இப்படிச் சில காலைகள் போயின. சுவரும் கூரையும் விரைவாக முடிந்தன. அவற்றை அவள் விவாதிக்கவில்லை. ஓடா, தகரமா என்று கேட்டால், "ஏதாச்சும் போடுங்க," என்பாள். ஆனால் ஒவ்வொரு நாளும் தாளைத் தன் பக்கம் திருப்பி முதல் உருப்படிக்கே போவாள்.

"இந்த மண்ண எதுவரைக்கும் எடுப்பாங்க?"

"பழைய தரை மட்டம் வரைக்கும்."

"அதுக்குக் கீழே?"

"அத்திவாரத்துக்கு வெட்டுவாங்க. சுவர் வாற இடத்துல மட்டும்."

"நடுவுல வெட்ட மாட்டாங்களா?"

"நடுவுல எதுக்கு வெட்டணும்?"

"அடுப்படிக்குப் பின்னால? தண்ணித் தாங்கி பக்கம்? மிளகு மூட்டைய அங்கனதான் அடுக்குவாரு."

"அங்க வீடு வராதே. வீடு வராத இடத்துக்குச் செலவு காட்ட ஏலாது."

அவள் என்னைப் பார்த்த பார்வையை, விண்ணப்பத்தைத் திருப்பிக் கொடுக்கும்போது பலருடைய முகத்தில் கண்டிருக்கிறேன். இவ்வளவு படித்தும் இந்த மனிதனுக்கு விளங்கவில்லையே என்ற பார்வை.

"எனக்கு வீடு எதுக்கு அண்ணே? நான் ஒத்தக் கட்டை, எங்கேயாச்சும் ஒரு மூலையில கெடந்துட்டுப் போறேன். அவரத் தேடி வெட்ட மாட்டாங்கன்னு நீங்கதான சொன்னீங்க. வீடு கட்டணும்னா மண்ண எடுத்துத்தான ஆகணும்? அத எஸ்டிமேட்ல போடுவாங்கதான? எடுக்கட்டும். எடுக்கையில நான் பக்கத்துல நிப்பேன்."

அடுப்படியில் தண்ணீர் ஓடும் சத்தம் நின்றது. என் மனைவி கேட்டுக்கொண்டிருந்தாள்.

அந்த மதிப்பீட்டைப் போல ஒன்றை நான் உத்தியோக காலத்தில் எழுதியதில்லை. வழக்கமாக முதல் உருப்படி ஒரே வரி: இவ்வளவு கியூப் மண், கியூபுக்கு இவ்வளவு, மொத்தம் இவ்வளவு. இதில் அது ஒரு முழுத் தாளைத் தாண்டியது. முன் முற்றம், அடுப்படிப் பின்பக்கம், தண்ணீர்த் தாங்கி, கீழே பாதைக்கு இறங்கும் படி, மண் தள்ளிக்கொண்டு போயிருக்கக்கூடிய பள்ளத்தின் விளிம்பு எல்லாவற்றையும் எழுதினேன். இயந்திரம் பயன்படுத்தலாகாது, ஆட்களைக் கொண்டு கையால், அடுக்கடுக்காக அகற்ற வேண்டும் என்று சேர்த்தேன். அகற்றிய மண்ணை உடனே ஏற்றாமல் பக்கத்தில் குவித்து வைக்க வேண்டும் என்றும் சேர்த்தேன். இதற்கெல்லாம் எந்தச் சுற்றுநிருபத்திலும் இடமில்லை. அதற்குப் பிறகு வீடு அரைப் பக்கத்தில் முடிந்தது. எழுதியதை அவளுக்கு வாசித்துக் காட்டினேன். "கையால" என்று வந்த இடத்தை இன்னொரு முறை வாசிக்கச் சொன்னாள்.

பிரதேச செயலகத்தில் அதை வாங்கிய உத்தியோகத்தர் என் முன்னாள் தொழிலையே செய்பவர், என்னைவிட வயதில் மிகவும் இளையவர், சிங்களவர். என்னை அடையாளம் கண்டு எழுந்து நாற்காலி போட்டார். கூட்டுத்தொகையைப் பார்ப்பதற்காகக் கடைசித் தாளைப் புரட்டியவர், நெற்றியைச் சுருக்கி முதல் தாளுக்குத் திரும்பினார். அதை முழுவதும் வாசித்தார். வாசித்து முடித்தபின் கொஞ்ச நேரம் பேனையின் மூடியைக் கழற்றுவதும் போடுவதுமாக இருந்தார்.

"சேர், இது வீட்டு எஸ்டிமேட் இல்லையே," என்றார் சிங்களத்தில், தாழ்ந்த குரலில்.

"முதல் உருப்படி கொஞ்சம் பெரிதாகிவிட்டது," என்றேன்.

"அந்த இடத்தில் கட்ட விட மாட்டார்கள். சேருக்குத் தெரியும்."

"தெரியும்."

"பிறகு ஏன் சேர்?"

நான் முதல் தாளை மறுபடி அவர் பக்கம் நகர்த்தினேன். கலேவெலப் பக்கம் சமதரையில் காணி கொடுக்கிறார்கள், மாதிரி வரைபடமும் உண்டு, தங்கையை விண்ணப்பிக்கச் சொல்லுங்கள் என்றார். அந்த வரைபடத்தின் மதிப்பீட்டையும் காட்டினார். மட்டமான நிலம் என்பதால் முதல் உருப்படியில் ஒன்றும் இல்லை. ஒரு கோடு மட்டும் போட்டிருந்தது. அவருடைய கதிரையில் இருந்திருந்தால் நானும் இதையேதான் சொல்லியிருப்பேன். நாற்காலி மட்டும் போட்டிருக்க மாட்டேன்.

வீட்டுக்கு வந்து தங்கையிடம் சொன்னேன். அவள் கடைசி வரை கேட்டாள்.

"அப்ப வீட்ட வெட்டிருங்க. மண்ண மட்டும் வச்சு எழுதுங்க."

"யாருக்கு எழுதுறது?"

"எனக்கு எப்பிடித் தெரியும்? ஒங்களுக்குத்தான எல்லாம் தெரியும்."

எனக்கு எல்லாம் தெரியும்தான். மிளகாய்க்கு வரும் மானியத்துக்கு எந்தப் படிவம், சுவர் எல்லை மீறினால் எத்தனை நாள் அறிவித்தல், எந்தக் கடிதத்தின் பிரதியை யாருக்கு அனுப்பினால் மூலக் கடிதம் அசையும், எல்லாம் தெரியும். நான் எழுதினேன். அலைந்தேன். பொலிஸார் மாவட்டச் செயலகத்தைக் காட்டினார்கள், மாவட்டச் செயலகம் ஆய்வாளர்களைக் காட்டியது, ஆய்வாளர்கள் மலையைக் காட்டினார்கள். ஒவ்வொருவரும் சொன்னது சரி. கடைசியில் சட்டத்தைத் தூக்கி ஒரு பக்கம் வைத்துவிட்டு, மண் தோண்டும் பெக்கோ இயந்திரம் வைத்திருக்கும் ஒருவரைத் தனியாகப் பிடித்தேன். பணம் எவ்வளவானாலும் பரவாயில்லை என்றேன். அவர் ஏற்கெனவே போய்ப் பார்த்துவிட்டு வந்திருந்தார்.

"ஏலாது ஐயா. அடிய நோண்டினா மேல நிக்கிறது எறங்கிரும். கீழே இன்னும் மூணு நாலு குடும்பம் இருக்காங்க, போக மாட்டேங்கிறாங்க. புள்ளைங்க வேற."

இதை அப்படியே தங்கையிடம் சொன்னேன். வேறு மாதிரிச் சொல்ல எனக்குத் தெரியவில்லை. அவள் சேலைத் தலைப்பைக் கையில் சுற்றினாள்.

"புள்ளைங்க இருக்கா?"

"இருக்காம்."

"அப்ப வேணாம்," என்றாள். "அவரு கத்துவாரு."

கலேவெல விண்ணப்பத்தை நான்தான் நிரப்பினேன். அவள் கையெழுத்திட்டாள். காணி கிடைத்தது. தட்டையான, வரண்ட, செம்மண் காணி. எந்தப் பக்கம் திரும்பினாலும் வானம்தான். மழை பெய்தால் எதுவும் விழாது. விழுவதற்கு எதுவும் அங்கே இல்லை. என் உத்தியோக அறிவு முழுவதும் அந்தக் காணியை மெச்சியது. மனம் அதில் கால் வைக்க மறுத்தது.

அத்திவாரம் வெட்டும் நாளில் அவளும் வருவேன் என்றாள். வெயில், வேண்டாம் என்றேன். குடையை எடுத்துக்கொண்டு எனக்கு முன்னால் வான் வண்டியில் ஏறி உட்கார்ந்துவிட்டாள்.

மேசன் பாஸும் இரண்டு ஆட்களும் கயிறு கட்டி, சுண்ணாம்புக் கோடு போட்டு வெட்டத் தொடங்கினார்கள். தங்கை நிழலுக்குப் போகவில்லை. மண்வெட்டி இறங்கும் இடத்துக்கு மேலே குனிந்து நின்றாள். ஆட்கள் நகர்ந்தால் அவளும் நகர்ந்தாள். வெளியே போட்ட மண்ணைக் குடையின் முனையால் கிளறிப் பார்த்தாள். பாஸ் முதலில் சிரித்தார். வீட்டுக்காரி வேலையைச் சரிபார்க்கிறாள் என்று நினைத்திருப்பார்.

"பயப்படாதீங்கம்மா, அளவு பிழைக்காது. ஐயா பக்கத்துல நிக்கிறாரே," என்றார்.

முழங்கால் ஆழம் தாண்டியதும் அவர் மண்வெட்டியை நிறுத்தினார்.

"இது போதும். கல்லு மாதிரி இறுகிப் போச்சு."

"இன்னும் கொஞ்சம் வெட்டுங்க," என்றாள் தங்கை.

"எதுக்கும்மா? இதுக்கு மேல தேவையில்ல."

"வெட்டுங்களேன்."

பாஸ் என்னைத் திரும்பிப் பார்த்தார். "என்ன ஐயா, மேல்மாடி ஏதும் எழுப்பப் போறீங்களா?"

அந்த வீட்டின் மதிப்பீட்டில் தேவைக்கு மேற்பட்ட ஆழத்துக்கு இடமில்லை. தேவையில்லாமல் வெட்டிய மண்ணுக்குப் பணம் கேட்ட ஒப்பந்தக்காரர்களின் பட்டியல்களை நான் சிவப்புப் பேனையால் வெட்டியவன்.

"வெட்டுங்க பாஸ்," என்றேன். "கூலிய நான் தாறேன்."

வெட்டினார்கள். நான்கு பக்கமும், இடைச் சுவர் வரும் இடமும். மச்சான் அந்த மண்ணை ஒருநாளும் மிதித்ததில்லை. தம்புள்ளைக்குப் போகும் அவருடைய பாதைகூட இந்தப் பக்கம் வராது. என் தங்கைக்கும் அது தெரியும். ஆனாலும் ஒரு மூலையையும் விடாமல் சுற்றி வந்தாள். நான் அவளுக்குப் பின்னால் நடந்தேன். ஒரு கட்டத்தில் நானும் குனிந்து பார்த்துக்கொண்டிருப்பதை உணர்ந்தேன்.

பாஸ் இடுப்பளவு பள்ளத்திலிருந்து ஏறி வந்து முகத்தைத் துடைத்தார்.

"சுத்தமான மண்ணும்மா. அடியில ஒன்னுமே இல்ல," என்றார், நல்ல செய்தி சொல்கிறவரைப் போல.

தங்கை குடையை மடக்கினாள். பள்ளத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"சரி," என்றாள். "கல்லப் போடுங்க."

ஆட்கள் கருங்கல்லை ஒவ்வொன்றாக இறக்கத் தொடங்கினார்கள். அவள் விளிம்பிலேயே உட்கார்ந்து, மலை விழுந்த நாளிலிருந்து அழாத அழுகையைச் சத்தமாக அழுதாள். பாஸ் திடுக்கிட்டு வேலையை நிறுத்தப் பார்த்தார். நிறுத்த வேண்டாம் என்று நான் கை காட்டினேன்.