கணவாய் கரையொதுங்கிய நாள்

யுத்தம் முடிந்து மீனவர்கள் மீண்டும் தூரக் கடலுக்குப் போகத் தொடங்கிய காலம் அது. கற்பிட்டியிலிருந்து போன என் கணவரின் போட் திரும்பவில்லை. மையித்தாக அவர் உடலும் கரைக்கு வரவில்லை. அதனால், இந்தியாவில் எங்காவது பிடிபட்டு உயிரோடு இருப்பார் என்றே நம்பினேன். கணவர் இறந்தால் விதவைகள் வீட்டுக்குள் துக்கம் காக்கும் இத்தாவை இருக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். அவருடைய உம்மா, என் மாமி, என்னை வற்புறுத்தவில்லை.

ஒருநாள் காலை, கரையில் ராட்சதக் கணவாய் ஒன்று செத்து ஒதுங்கியிருந்தது. மாமியும் நானும் பார்க்கப் போனோம். அது வள்ளத்தைவிட நீளம். கண் சோற்றுப் பீங்கான் அளவு.

"இவ்வளவு பெரிசு இந்தக் கடல்லயா இருந்திச்சு?" என்று பக்கத்தில் நின்ற மீனவரிடம் கேட்டேன்.

"ஓம் தங்கச்சி. சின்ன வயசுல இருந்து கடலுக்குப் போறன், இண்டைக்குத்தான் காணுறன். அடியில என்னென்ன கிடக்குதோ, அல்லாஹ்வுக்குத்தான் தெரியும்."

இத்தனை பெரிய உடம்பையே யார் கண்ணிலும் காட்டாத கடலுக்கு, ஒரு மனிதரை மறைப்பது பெரிய காரியமா?

வீட்டுக்கு வந்ததும், "மாமி, நான் இத்தா இருக்கிறன்" என்றேன்.

மாமி என்னைக் கட்டிப்பிடித்து, "என்ட மகனே" என்று கதறினார். அதுவரை அவர் அழுது நான் கண்டதில்லை. என் நம்பிக்கை உடைந்துவிடக் கூடாதென்று, பெற்ற பிள்ளைக்காக அழுவதைக்கூட அடக்கி வைத்திருக்கிறார். ஒரே வீட்டில் இருந்தும் அது எனக்கு விளங்கவில்லை.