குடிதண்ணீர்ப் பீப்பாய்

வீட்டுக்குள் ஏறிவிட்ட வெள்ளத்தில் அழுகிய ஆகாயத்தாமரை நாறியதும், முத்தாபுதுப்பேட்டையில் மனை போட்டு விற்பதற்கு முன் இதே இடத்தில் கிடந்த ஏரி திரும்பி வந்தது. வெயிலில் காய்ந்த ரப்பர் தொடையில் ஒட்ட சின்ன வயதில் தெருப் பிள்ளைகள் நாங்கள் தொற்றிக்கொண்டு மிதந்த லாரி டியூப்தான் எங்கள் கப்பல். ஒரு கண்ணைக் கைக்குட்டையால் மறைத்த பக்கத்து வீட்டு ஜெசிந்தா அக்காதான் கொள்ளைத் தலைவி. நிஜக் கடற்கொள்ளையர்கள் பிடித்த கப்பலில் பல நேரம் குடிதண்ணீர்ப் பீப்பாயைத்தான் முதலில் தூக்குவார்கள் என்று அவள் சொன்னபோது, ஏரித்தண்ணீர் மூக்கில் ஏறும்வரை சிரித்தோம்.

“சுத்தி அம்மாந்தண்ணி கீது, தங்கத்த உட்டுட்டு தண்ணியவா தூக்குவான்? கத உடாதக்கா!”

“கடத்தண்ணிய ஒரு வாய் குடிச்சுப் பாரு, தெரியும்.”

இப்போது எங்கள் குடிதண்ணீர்த் தொட்டி வெள்ளத்தில் மூழ்கிக் கிடக்கிறது. மாடிப்படியில் காய்ச்சலோடு படுத்திருக்கும் மகளுக்கு உதடு வெடித்துவிட்டது. தெருவில் வந்த நிவாரணப் படகை நெஞ்சளவு தண்ணீரில் நின்று மறித்தேன்.

“அண்ணாத்தே, இது பின்தெரு கைக்கொழந்திங்களுக்கு, உட்டுரு!” என்று படகிலிருந்தவர் கெஞ்சினார்.

அவர் மடியில் இருந்த கடைசித் தண்ணீர் கேனைப் பிடுங்கி மார்போடு அணைத்துக்கொண்டு, திரும்பிப் பார்க்காமல் வீட்டை நோக்கி ஏரிக்குள் நடந்தேன்.