பன்னிரண்டு பேரும் ஆறாம் வகுப்பு 'பி'

எங்கள் கம்பெனியில் ஆடிட் என்றால் கல்யாணம் மாதிரி. நல்லூரில் ஒரு சந்துக்குள், கீழே தையல், மாடியில் செக்கிங்கும் பேக்கிங்குமாக இருந்த சின்ன பனியன் கம்பெனி அது. சரக்கு வாங்கும் வெளிநாட்டு பையர் சார்பில் யாரோ பார்க்க வருகிறார்கள் என்று போன் வந்தால் போதும், அப்பாவுக்குக் கால் தரையில் பாவாது. சுவருக்குச் சுண்ணாம்பு ஏறும். சிவப்பு வாளிகளில் புது மணல் விழும். வருஷம் முழுக்க யாரோ தலைவலி மாத்திரை தேடித் தோற்றுப்போகும் முதலுதவிப் பெட்டிக்குள் பஞ்சும் டிஞ்சரும் வந்து குடியேறும்.

அதைவிட முக்கியம் ஒத்திகை. முந்தின நாள் சாயங்காலம் எல்லோரையும் வரிசையாக நிறுத்தி, வருகிறவர் கேட்கப்போவதை அப்பாவே கேட்பார்.

"தீப்பிடிச்சா எந்தப் பக்கம் ஓடுவீங்க?"

"அந்தப் பக்கமுங்க."

"அந்தப் பக்கம்னா அவனுக்கு என்ன தெரியும்? கையக் காட்டுங்க சாமி, கையக் காட்டுங்க!"

பள்ளி ஆண்டு விழாவைவிட எனக்கு இந்த ஒத்திகைதான் பிடிக்கும். பட்டன் பெட்டிமேல் ஏறி உட்கார்ந்துகொண்டு, யாராவது பதிலை மறந்தால் எடுத்துக் கொடுப்பேன். அப்படிப்பட்ட எங்கள் கம்பெனிக்குத்தான் சித்தி தன் ஆராய்ச்சியைத் தூக்கிக்கொண்டு வந்தார்.

சித்தி அம்மாவின் கடைசித் தங்கை. கோயம்புத்தூரில் ஒரு கல்லூரியில் இங்கிலீஷில் எம்.ஃபில். படித்துக்கொண்டிருந்தார். இங்கிலீஷ் ஆராய்ச்சி என்றால் கவிதையும் நாடகமும் என்றுதான் சொந்தக்காரர்கள் நினைத்திருந்தார்கள். சித்தியோ, பனியன் கம்பெனிக்காரர்களுக்குத் தொழிலுக்கு எந்த மாதிரி இங்கிலீஷ் வேண்டும், அதைப் பத்து வாரத்தில் சொல்லிக்கொடுக்க முடியுமா என்று கிளம்பியிருந்தார். "சளிக்கு மருந்து குடுக்கற மாதிரியில்ல பேசறா" என்றார் பெரியம்மா. மேற்பார்வை பார்த்த பேராசிரியர் ஏற்கனவே இரண்டு திட்டங்களைத் திருப்பிக் கொடுத்திருந்தார். இது மூன்றாவது, இதுவே கடைசி. ஏப்ரலுக்குள் ஆய்வை முடித்துக் கொடுத்தால் ஜூனில் ஒரு பொறியியல் கல்லூரியில் சித்திக்கு வேலை. முடிக்காவிட்டால் அந்த நாற்காலியில் வேறு யாராவது உட்கார்ந்துவிடுவார்கள். இது எங்கள் வீட்டில் நாய்க்குட்டிக்குக்கூடத் தெரியும்.

திட்டம் எளிமையானது. எதுவும் சொல்லிக்கொடுக்கும் முன்பு பன்னிரண்டு பேருக்கு ஒரு தேர்வு. பிறகு பத்து ஞாயிற்றுக்கிழமை வகுப்பு. முடிவில் மறுபடியும் ஒரு தேர்வு. இரண்டுக்கும் நடுவில் தெரியும் வித்தியாசம்தான் ஆராய்ச்சி. சித்தி இதை அப்பாவிடம் பொறுமையாகச் சொன்னார். அப்பா தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டார். 'தேர்வு' என்ற சொல்லைத் தவிர வேறு எதுவும் அவர் காதுக்குள் போகவில்லை என்பது பிறகுதான் தெரிந்தது.

எங்கள் கம்பெனியில் இங்கிலீஷோடு கொடுக்கல் வாங்கல் உள்ளவர்கள் மொத்தம் ஏழு பேர். மீதி ஐந்து பேரை அப்பாவே பிடித்துப் போட்டார். அதில் ஒருவர் கட்டிங் மாஸ்டர். தென்காசிப் பக்கத்துக்காரர், எட்டாவது வரை படித்தவர், ஐம்பதைத் தாண்டியவர். நாற்பது அடுக்குத் துணியை ஒரே மூச்சில் அறுக்கும் கை, பேனாவைப் பிடித்தால் மட்டும் நடுங்கும்.

சனிக்கிழமை மத்தியானம் சித்தி கேள்வித்தாளை என்னிடம் கொடுத்து, பன்னிரண்டு ஜெராக்ஸ் எடுத்து வரச் சொன்னார். "யாருகிட்டயும் காட்டிராத கண்ணு." காட்டவே மாட்டேன் என்று சத்தியம் செய்துவிட்டுத்தான் போனேன். சந்து முனையில் அப்பா வண்டியோடு நின்றிருந்தார்.

"பதிமூணா எடுத்துரு."

"சித்தி திட்டும்ப்பா."

"நம்ம ஆளுக பன்னெண்டு பேரும் முட்டை வாங்கினா உங்க சித்தி கோயம்புத்தூர்ல தலைநிமிந்து நடக்க முடியுமா? ஊட்டுப் பொண்ணு நம்ம கம்பெனிய நம்பி வந்திருக்குது. அத ஜெயிக்க வெக்கறது யாரு பொறுப்பு?"

என் பொறுப்பு என்று அந்த நொடியே எனக்குத் தோன்றிவிட்டது. பதிமூன்றாவது தாளைச் சட்டைக்குள் செருகிக்கொண்டபோது நெஞ்சு அடித்த அடி இருக்கிறதே, ஓவர்லாக் தையல் மெஷின் தோற்றுவிடும்.

சாயங்காலம் அம்மா, சித்தியை அவிநாசிக் கோயிலுக்குக் கூட்டிக்கொண்டு போய்விட்டாள். அதுவும் அப்பாவின் ஏற்பாடுதான். இந்தப் பக்கம் மாடியில் பன்னிரண்டு பேரும் தரையில் உட்கார்ந்திருந்தார்கள். கேள்வி ஒன்றே ஒன்று. சரக்கு ஏன் வரவில்லை என்று கோபமாக பையர் எழுதிய கடிதம் கொடுக்கப்பட்டிருந்தது. காரணம் சொல்லி, அவகாசம் கேட்டு, பதில் எழுத வேண்டும். அப்பா என்னைப் பார்த்தார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். அந்தக் கூட்டத்தில் இங்கிலீஷ் மீடியம் நான் ஒருத்திதான்.

எனக்கு மனப்பாடமாகத் தெரிந்த ஒரே இங்கிலீஷ் கடிதம் லீவ் லெட்டர். அதையே எடுத்தேன். 'நான்' இருந்த இடத்தில் 'எங்கள் சரக்கு' என்று போட்டேன். 'காய்ச்சல்' இருந்த இடத்தில், துணிக்குச் சாயம் ஏற்றும் 'டையிங்' என்று போட்டேன். எங்கள் சரக்கு டையிங்கால் அவதிப்படுவதால் அதற்கு மூன்று நாள் விடுப்பு அளிக்குமாறு தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன் என்று உற்பத்திக் கணக்கு எழுதும் கரும்பலகையில் முழு இங்கிலீஷில் எழுதி முடித்தபோது பேக்கிங் அண்ணன்கள் கை தட்டினார்கள். செக்கிங் அக்கா, "கண்ணு, நீ கலெக்டராத்தான் போவே" என்று திருஷ்டி கழித்தார்.

மூன்று மணி நேரம் ஒத்திகை. ஒவ்வொருவரையும் பார்க்காமல் எழுத வைத்தேன். கட்டிங் மாஸ்டர்தான் திணறினார். "பாப்பா, தலைக்குள்ள ஏறவே மாட்டேங்கு" என்று வியர்வையைத் துடைத்தார். பேக்கிங் அண்ணன் ஒருவர் ஒரு வார்த்தையை விட்டுவிட்டு எழுதியபோது மட்டும் மாஸ்டர் சீறினார்.

"சாம்பிள்ல என்ன இருக்கோ அதுதான்ல சரக்குல இருக்கணும். ஒரு தையல் மாறலாமா?"

பனியன் கம்பெனியின் வேதம் அது. பையர் ஒப்புக்கொண்ட சாம்பிளிலிருந்து ஒரு நூல் பிசகினாலும் மொத்தமும் திரும்பி வந்துவிடும். எல்லோரும் பயபக்தியோடு மறுபடி எழுதினார்கள்.

ஞாயிறு காலை தேர்வு. டீயும் பன்னும் வந்தன. மணல் வாளிகளுக்குக்கூட அப்பா புது மணல் போட்டிருந்தார். பன்னிரண்டு பேரும் தலை நிமிராமல் எழுதினார்கள். சித்தி முகத்தில் ஆச்சரியம் ஏறிக்கொண்டே போனதைப் பட்டன் பெட்டிமேல் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்குள் பட்டாசு வெடித்தது.

வீட்டுக்கு வந்ததும் சித்தி சிவப்புப் பேனாவோடு உட்கார்ந்தார். முதல் தாளுக்குப் புருவம் உயர்ந்தது. இரண்டாவதற்குப் பேனா நின்றது. ஐந்தாவதிலிருந்து தாள்களைச் சும்மா புரட்டினார். கடைசியாகக் கட்டிங் மாஸ்டர் தாளை எடுத்து அடிப்பகுதியையே வெகுநேரம் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"நீ எந்த கிளாஸு கண்ணு?"

"ஆறாவது, பி செக்சன் சித்தி."

"இவரு?"

எட்டிப் பார்த்தேன். கையெழுத்து இருக்க வேண்டிய இடத்தில், நடுங்கும் எழுத்தில், 'கீழ்ப்படிதலுள்ள மாணவன், ஆறாம் வகுப்பு பி' என்று இங்கிலீஷில் இருந்தது. பன்னிரண்டு தாளிலும் இருந்தது. லீவ் லெட்டர் முடிந்தால் வகுப்பைப் போட்டுப் பழகிய என் கை, கரும்பலகையிலும் போட்டுவிட்டிருக்கிறது. ஒரு தையல் மாறாமல் இறக்கிவைத்திருந்தார்கள்.

நான் அழுதேவிட்டேன். அப்பா அழவில்லை, பெருமையாக நடந்ததைச் சொன்னார். சித்தி பன்னிரண்டு தாளையும் அடுக்கி வைத்தார். பிறகு மெல்ல, "மாமா, அவங்களுக்கு என்ன தெரியாதுன்னு பாக்கத்தாங்க இந்தப் பரிச்சையே. இப்ப நான் எங்கிருந்து ஆரம்பிக்கறது? வேற கம்பெனி தேட நாளும் இல்லீங்க" என்றார்.

அப்பாவுக்கு அப்போதுதான் விஷயம் உறைத்தது. ஆனால் அவர் ஆர்டர் பிடிக்கிற மனுஷர்.

"அவ்வளவுதானே அம்மிணி? இதக் கிழிச்சுப்போடு. அடுத்த வாரம் எல்லாத்தையும் முட்டை வாங்கச் சொல்லிர்றேன். கடைசிப் பரிச்சைக்கு எத்தன மார்க் வேணும்னு இப்பவே சொல்லிரு, ரெடி பண்ணிப்போடலாம்."

சித்தி சிரிக்க ஆரம்பித்தார். சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வந்தது. நானும் அழுகையை விட்டுவிட்டுக் கூடச் சிரித்தேன். அந்தத் தண்ணீரில் சிரிப்பு எவ்வளவு, மற்றது எவ்வளவு என்று பிரித்துப் பார்க்கும் வயது எனக்கில்லை.

திங்கள்கிழமை கல்லூரிக்குப் போகவேண்டியவர் போகவில்லை. கேசட் ரெக்கார்டரோடு கம்பெனிக்கு வந்தார். எல்லோரிடமும் அனுமதி கேட்டுவிட்டு, கட்டிங் மேசைக்கு எதிரில் நின்றார்.

"அண்ணா, லெட்டர மறந்துருங்க. அந்த பையர் இப்ப நேர்ல வந்து நிக்கறாரு. தமிழ்லயே சொல்லுங்க, என்னங்க சொல்வீங்க?"

மாஸ்டர் கத்தரியைக் கீழே வைத்தார். "வாங்கய்யா, உக்காருங்க. உங்க கோவம் நியாயந்தான். தப்பு எங்க பேர்லதான். டையிங்லருந்து வந்த துணியில முதல் ரோலுக்கும் கடைசி ரோலுக்கும் கலர் ஒட்டல. அத வெட்டி அனுப்பியிருந்தா நேரத்துக்கு வந்திருக்கும், ஆனா உங்க கடையில மானம் போயிருக்கும். அதான் நிறுத்திட்டோம். மூணு நாள் குடுங்க. நானே நின்னு வெட்டுதேன். இனிமே துணி வந்த அன்னைக்கே பாத்துச் சொல்லிருதோம்."

சித்தி எழுதிக்கொண்டே இருந்தார். கன்னமெல்லாம் சிவந்துவிட்டது. "வணக்கம், ஒப்புதல், காரணம், அவகாசம், உறுதி... அக்கா, ஒரு பதில் லெட்டருக்கு வேண்டியது எல்லாமே இருக்குதுக்கா!" என்று டீ கொண்டுவந்த அம்மாவின் தோளைப் பிடித்துக் குலுக்கினார். மாஸ்டர் சாதாரணமாகப் பேசியதற்கு இந்தக் குதியா என்று எனக்கு எரிச்சலாக இருந்தது. என் கடிதத்தில் என்ன குறை என்றும் இருந்தது.

பேராசிரியரிடம் பன்னிரண்டு தாள்களையும் காட்டி, சித்தி நடந்ததை நடந்தபடியே எழுதினார். வகுப்புகள் அந்தப் பேச்சிலிருந்து தொடங்கின. முதலில் அவரவர் தமிழில் சொல்வது, பிறகு அதற்கு இங்கிலீஷ் தேடுவது. மூன்றாவது திட்டம் தேறியது, ஜூனில் வேலைக்கும் போனார். இதை இப்போதே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் எனக்கு மறக்காமல் இருப்பது அதுவல்ல, கடைசித் தேர்வு நடந்த ஞாயிறு.

அன்று காலை சித்தி என்னைக் கையைப் பிடித்துக் கூட்டிப்போய் சந்து முனை பேக்கரியில் உட்காரவைத்தார். "பதினோரு மணி வரைக்கும் இவள விட்டுராதீங்கண்ணா" என்று கடைக்காரரிடம் ஒப்படைத்துவிட்டுப் போனார். கைதி மாதிரி உட்கார்ந்திருந்தேன். முதலில் எழுதிவிட்டு வந்தவர் கட்டிங் மாஸ்டர். என்னைப் பார்த்ததும் ஒரு தேங்காய் பன் வாங்கி முன்னால் வைத்தார்.

"எழுதிட்டேன் பாப்பா. நாலே வரி. தப்பு இல்லாமலா இருக்கும்? ஆனா நான் சொல்ல நெனச்சதத்தான் எழுதியிருக்கேன்."

"கீழ ஆறாவது பி போட்டீங்களா மாஸ்டர்?"

"இல்லம்மா" என்றார். அவ்வளவு பெரிய மனுஷர் சின்னப் பையன் மாதிரி வெட்கப்பட்டுச் சிரித்தார். "எம் பேரப் போட்டேன்."

எனக்குச் சுருக்கென்றது. மூன்று மணி நேரம் தொண்டை வறளச் சொல்லிக்கொடுத்தவள் நான், என் வகுப்பை அவர் விட்டுவிட்டாரே. பன்னை அவர் பக்கமே தள்ளிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டேன். அவரோ அது எதையும் கவனிக்காமல், மேசைமேல் சிந்தியிருந்த டீயில் விரலைத் தொட்டுத் தன் பெயரை இங்கிலீஷில் எழுதிக்கொண்டிருந்தார். காயக் காய மறுபடி எழுதினார். இத்தனை தடவை எழுதிப் பார்க்க அதில் என்ன இருக்கிறது என்று நான் ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டிருந்தேன்.