வாசலுக்கு வெளியே நின்ற வாதி

வக்கீல் குமாஸ்தாவாக இருந்த பதினெட்டு வருஷமும், கட்சிக்காரர் வராததால் தள்ளுபடியான வழக்குகளுக்குத் தனி நோட்டு ஒன்று வைத்திருந்தேன். தேதி, பெயர் கூப்பிட்ட நேரம், வராத காரணம். காரணத்துக்கு மட்டும் இரண்டு வரி: நடந்தது ஒன்று, மனுவில் நாங்கள் எழுதியது ஒன்று. இரண்டும் ஒத்துப்போன பக்கம் எனக்குத் தெரிந்து ஒன்றே ஒன்றுதான்.

அந்த வழக்கின் கட்சிக்காரர் சீவலப்பேரிப் பக்கத்து விவசாயி, வயது ஐம்பதுக்கு மேல். அவர் வயலுக்குத் தம்பியின் வயல் வழியாகத்தான் தண்ணீர் பாய வேண்டும். தம்பி மடையை அடைத்துவிட்டார். அதைத் திறக்கச் சொல்லி அண்ணன் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டார். விசாரணை ஒரு வெள்ளிக்கிழமை வந்தது. அன்று காலை எங்கள் வக்கீலுக்கு சப் கோர்ட்டில் வேலை. எங்கள் வழக்கு பட்டியலில் ஒன்பதாவது. பதினோரு மணிக்கு அண்ணனை வாசலுக்கு வெளியே வேப்பமரத்தடியில் பார்த்தபோது, "பைய வாரும், மத்தியானத்துக்கு மேலதான் கூப்பிடுவாக" என்று நானேதான் சொன்னேன்.

முன்னால் இருந்த எட்டில் ஆறுக்கு வாய்தா கொடுத்துவிட்டார்கள். பதினொன்றே முக்காலுக்கு டவாலி வராந்தாவில் நின்று அவர் பெயரைக் கூப்பிட்டான். ஓடினேன்.

"கூப்பிடுதாக அண்ணாச்சி, எந்திரியும்."

"மணி என்னய்யா?"

"பதினொண்ணே முக்கால்."

"பன்னெண்டு வரைக்கும் ராகு காலம்லா? இப்பம் உள்ள காலெடுத்து வச்சா வழக்கு வெளங்குமா?"

"உம்ம பின்னாடி வந்த தம்பி உள்ள நிக்காரு வே!"

"நிக்கட்டும். அதான் அவன் தோக்கப் போறான்."

கையைப் பிடித்து இழுத்தேன். வாசல் வரை வந்தார், அதைத் தாண்டவில்லை. மூன்றாம் முறையும் கூப்பிட்டாயிற்று. வாதி இல்லை, வக்கீல் இல்லை, பிரதிவாதி மட்டும் நிற்கிறார். தள்ளுபடி. பன்னிரண்டுக்கு அவர் வலது காலை எடுத்து வைத்து உள்ளே வந்தபோது அடுத்த வழக்கு நடந்துகொண்டிருந்தது.

அதே காரணத்துக்கு மறுபடி வழக்குப் போட முடியாது. முப்பது நாளுக்குள் தக்க காரணம் காட்டி, வழக்கைத் திரும்ப எடுத்துக்கொள்ளும்படி மனுக் கொடுக்கலாம். அதுவும் போனால் மடை அடைத்தது அடைத்ததுதான். அவர் வயலில் பிசானப் பருவத்து நெல் நடவு இல்லை.

திங்கட்கிழமை மனு எழுதினேன். 'வரும் வழியில் கடுமையான வயிற்றுவலி கண்டு' என்று வழக்கம்போல எழுதி வாசித்துக் காட்டினேன்.

"எனக்கு வயித்துவலி இல்லையே?"

"ராகு காலம்னு எழுதினா முன்சீப் சிரிப்பாரு வே."

"சிரிக்கட்டும். சத்தியம் பண்ணிக் கையெழுத்துப் போடணும்ங்கியளே, நாளைக்கு நெசமாவே வலி வந்துட்டா யாருய்யா படுறது?"

வாதாட எனக்குத் தெம்பில்லை. இன்னொரு தாள் எடுத்து, நடந்ததை நடந்தபடி எழுதினேன். வக்கீல் அதைப் படித்துவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

"நீர் வாசிச்சே காட்டியிருக்கப்படாது" என்றார்.

முன்சீப் சிரிக்கவில்லை. தெரிந்தே வெளியே நின்றவருக்குச் சலுகை காட்ட முடியாது என்று மனுவைத் தள்ளினார்.

வெளியே வந்ததும் அவர் கேட்டார்: "வயித்துவலின்னு போட்டிருந்தா எடுத்திருப்பாகளோ?"

அன்று காலைதான் அதே கோர்ட்டில் நான் எழுதிய வேறொரு வயிற்றுவலி மனு அனுமதியாகியிருந்தது.

"சொல்ல முடியாது அண்ணாச்சி" என்றேன்.

"அப்பம் சரி. தம்பிகிட்டயே கேட்டுப் பாக்கேன்" என்று துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு கிழக்கே நடந்தார். பின்னாலேயே போய் உண்மையைச் சொல்லலாமா என்று கொஞ்ச நேரம் நின்றேன். நான்கு நகல்கள் பாக்கி இருந்தன. உள்ளே போய் உட்கார்ந்து எழுதினேன்.