முட்டை விலை குரூப்பில் போன உயில்

என்னைப் போல ஒரு கிறுக்கனை நாமக்கல் சுற்றுவட்டாரத்தில் சல்லடை போட்டுத் தேடினாலும் கிடைக்காது. அக்காவுக்கு வந்த உயிலைப் படம் பிடித்துச் சொந்தக்காரர்கள் வாட்ஸ்அப் குரூப்புக்கு அனுப்புகிறேன் பேர்வழி என்று, தினமும் காலையில் முட்டை விலை போடுகிற குரூப்புக்கு அனுப்பிவிட்டேன். அழிப்பதற்குள் நாலு பேர் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டிவிட்டார்கள். ஒருவர், "இன்னிக்கு ரேட்டு எவ்வளவுங்க?" என்று கேட்டிருந்தார்.

சந்தோஷத்தில் கை தடுமாறிவிட்டது. பின்னே? வீட்டுக்காரரைப் பறிகொடுத்த பிறகு அக்கா பன்னிரண்டு வருடமாக வேலை பார்த்த கோழிப்பண்ணை அது. பெண்டாட்டி பிள்ளை இல்லாத முதலாளி, அதை அவள் பேருக்கே எழுதிவைத்துவிட்டுக் கண்ணை மூடியிருந்தார். வக்கீல் கூப்பிட்டுச் சொல்லித்தான் அவளுக்கே தெரியும்.

மறுநாள் முதலாளியின் பங்காளி ஒருவர் பைக்கில் பண்ணைக்கே வந்து இறங்கினார். கையில் இருந்த போனில், அந்த முட்டை விலை குரூப்புக்கு நான் அனுப்பிய படம்.

"ஏனம்மிணி, இந்தத் தேதியில எங்கண்ணன் ஆஸ்பத்திரில நெனவில்லாமக் கெடந்தாரு. அட்மிட்டான சீட்டு எங்கிட்ட இருக்குது. பாதிப் பண்ணைய எம்பேருக்கு எழுதிரு. இல்லீனா நீ ஏமாத்திக் கையெழுத்து வாங்கிட்டேன்னு போலீசுக்கும் போவேன், ஊருக்குள்ளயும் சொல்லுவேன்."

வீரமாக ஏதாவது சொல்ல வாயைத் திறந்தேன். "காப்பி குடிக்கறீங்களா?" என்றுதான் வந்தது.

அக்கா போனை வாங்கிப் பார்த்துவிட்டு, "முன்பக்கத்த மட்டுந்தான் அனுப்புனியாடா?" என்றாள். தலையாட்டினேன்.

பீரோவிலிருந்து உயிலை எடுத்து வந்து பின்பக்கத்தைத் திருப்பிக் காட்டினாள். சார்பதிவாளர் ஆஸ்பத்திரிக் கட்டிலுக்கே வந்து, முதலாளி நல்ல நினைவோடு இருக்கிறார் என்று டாக்டர் சொன்னதையும் எழுதி, முத்திரை குத்திப் பதிவு செய்திருந்தார்.

"அன்னிக்கு அவரு ஆஸ்பத்திரிலதான் இருந்தாருன்னு காட்டறதுக்கு அந்தச் சீட்டத்தானுங்க வக்கீலு நேத்திருந்து கேக்கறாரு! குடுங்க, ஜெராக்ஸ் எடுத்துட்டுத் தந்தர்றேன்."

ஆள் சட்டைப்பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

"போலீசுக்குப் போலாமுங்களா? நானும் வாரேன்" என்று அக்கா செருப்பைத் தேட, பைக் ஒரே உதையில் கிளம்பிவிட்டது.

எனக்குத் தலைகால் புரியவில்லை. கூண்டுக் கோழிகள் அத்தனையும் எனக்காகவே கொக்கரிப்பது போலிருந்தது. "அக்கா, இனிமே பண்ணைக்கு நாந்தான் மேனேஜரு, என்ன?" என்றேன்.

"மொதல்ல போயி முட்டையப் பொறுக்கு."